அரசுக்கு எதிரா நில வழக்கு: நிரூபிக்க வேண்டியது யாரு, கையில என்ன பேப்பர் இருக்கணும்?

நீங்க கேட்டது இதுதான்: தாத்தா காலத்துல இருந்து அனுபவிச்சிட்டு வர்ற இடத்துக்கு "இது சர்க்கார் புறம்போக்கு, காலி பண்ணுங்க"ன்னு தாசில்தார் ஆபீஸ்ல இருந்து நோட்டீஸ் வந்திருக்கு, கையில வீட்டு வரி ரசீதும் கரண்ட் கார்டும் இருக்கு, ஹைகோர்ட்ல ஒரு ரிட் (அரசோட நடவடிக்கையை எதிர்த்து நேரா போடுற மனு) போட்டா நின்னுடுமா, தன்னோட நிலம்னு கவர்மெண்ட்தானே நிரூபிக்கணும்னு கேட்டிருக்கீங்க. ரிட் பத்தின கேள்வி மாதிரி தெரிஞ்சாலும் உண்மையான கேள்வி அந்தக் கடைசி வரிதான், நிரூபிக்கிற பொறுப்பு யாருக்கு. பதில் உங்களுக்குப் பிடிக்காது, ஆனா இப்பவே தெரிஞ்சுக்கிறது நல்லது, பொறுப்பு பெரும்பாலும் உங்களுக்குத்தான். நான் சிவில் சைடு வக்கீல், பட்டா, புறம்போக்கு, நில எடுப்பு கேஸ்கள்தான் வருஷக்கணக்கா பாத்துக்கிட்டு இருக்கேன், தமிழ்நாட்டு நடைமுறையை வச்சுத்தான் எழுதுறேன். உங்க பேப்பர் எதையும் நான் பாக்கல, அதனால ஜெயிப்பீங்களா தோப்பீங்களான்னு சொல்ல முடியாது. எந்தப் பேப்பர் எதை நிரூபிக்கும், எது நிரூபிக்காதுன்னு மட்டும் சொல்ல முடியும்.

முதல்ல உறுதியா சொல்லக்கூடியது. ரெண்டு தனி ஆளுங்களுக்கு நடுவுல சண்டைன்னா, அனுபவத்துல இருக்கிறவன் ஓனர் இல்லைன்னு சொல்றவன்தான் அதை நிரூபிக்கணும்னு சாட்சியச் சட்டத்துல ஒரு பிரிவு இருக்கு, பழைய சட்டத்துல 110, 2024 ஜூலைல இருந்து அமலுக்கு வந்த புதுச் சட்டத்துல 113. யூடியூப்ல யாரோ சொன்னாங்கன்னு நிறைய பேர் இதைப் பிடிச்சுக்கிட்டு வர்றாங்க. அரசு நிலம்னு வரும்போது கணக்கு மாறுது. ஹனுமையா வழக்குல (ஹனுமையா – கர்நாடக அரசு, 2010) சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லியிருக்கு, தனி ஆளுக்குச் சொந்தம்னு காட்டப்படாத நிலம் எல்லாம் அரசோடதுன்னுதான் அனுமானம், அதனால அரசுக்கு எதிரா உரிமை கேட்டு வர்றவர் 30 வருஷத்துக்கு மேற்பட்ட உரிமையை ஆவணத்தோட காட்டணும், இல்லைன்னா 30 வருஷத்துக்கு மேல எதிரிடை அனுபவம் (ஓனரோட உரிமையை மறுத்து வெளிப்படையா அனுபவிக்கிறது) இருந்ததைக் காட்டணும். அதோட இன்னொண்ணும் சொன்னாங்க, அரசு சரியா எதிர்வாதம் பண்ணல, ரெக்கார்டு கொண்டு வரல, அதிகாரி சாட்சி சொல்ல வரலைங்கிறதுக்காக மட்டும் கோர்ட் டிக்ரி (தீர்ப்பாணை) கொடுத்துடக் கூடாதுன்னு. ஏன்னா அரசு நிலம்னா அது பொதுமக்கள் சொத்து, ஒரு கிளார்க்கோட சோம்பேறித்தனத்தால அது போயிடக் கூடாது. அதனால "கவர்மெண்ட் சைடுல யாரும் வரமாட்டாங்க, எக்ஸ்பார்ட்டி (எதிர்த்தரப்பு வராமலே தீர்ப்பு) ஆயிடும், டிக்ரி வாங்கிடலாம்"னு யாராவது தைரியம் சொன்னா நம்பாதீங்க. அப்படி வாங்கின டிக்ரி அப்பீல்ல நிக்காம போனதை நான் நிறைய பாத்திருக்கேன், அதுக்குள்ள அந்தக் குடும்பம் வீட்டையும் கட்டி முடிச்சிருக்கும்.

30 வருஷம்ங்கிறது லிமிடேஷன் சட்டத்துல 112-வது இனத்துல இருந்து வருது, தனி ஆளுக்கு 12 வருஷம்னா அரசுக்கு 30. ஆனா 30 வருஷம் இருந்தாலே நிலம் நம்மோடதாயிடும்னு இல்லை. அரசுக்குத் தெரியிற மாதிரி, அரசோட உரிமையை மறுத்து, இடைவிடாம "இது என்னோடது"ன்னு இருந்திருக்கணும், அந்த அனுபவம் எந்த வருஷம் ஆரம்பிச்சதுன்னு மனுவுல சொல்லணும். "நினைவு தெரிஞ்ச நாள்ல இருந்து"ன்னு எழுதினா போதாது. இதுல இன்னொரு சிக்கல், "தாத்தா கிரயம் வாங்கினார், நிலம் எங்களோடது"ன்னு ஒரு பக்கம் சொல்லிட்டு, "இல்லைன்னா கூட அரசு நிலத்தை எதிரிடையா அனுபவிச்சோம்"னு அடுத்த பாராவுல எழுதினா ரெண்டும் ஒண்ணை ஒண்ணு வெட்டும். எதிரிடை அனுபவம்னு சொன்ன நிமிஷமே ஓனர் வேற ஆள்னு ஒத்துக்கிட்டீங்க. எது உங்க கேஸ்னு முதல்லயே முடிவு பண்ணணும், அதைப் பேப்பர்தான் முடிவு பண்ணும், ஆசை முடிவு பண்ணக் கூடாது.

இப்ப ரிட்டுக்கு வர்றேன். ஹைகோர்ட்ல அரசியலமைப்புச் சட்டம் 226-ல போடுற ரிட் மனு பிரமாண வாக்குமூலத்தை (அஃபிடவிட்) வச்சு நடக்கிறது, அங்க சாட்சிக் கூண்டு கிடையாது, குறுக்கு விசாரணை பொதுவா கிடையாது. அதனாலதான் பாரத் சிங் – ஹரியானா அரசு வழக்குல (1988, அதுவும் நில எடுப்பு கேஸ்தான்) சுப்ரீம் கோர்ட் ஒரு வித்தியாசத்தை அழுத்திச் சொல்லிச்சு, சிவில் வழக்குல பிராதுல (வழக்கு மனுவுல) விஷயத்தைச் சொன்னா போதும், சாட்சியத்தை அப்புறம் கொண்டு வரலாம், ஆனா ரிட் மனுவுல விஷயத்தையும் சொல்லி அதுக்கான ஆதாரத்தையும் மனுவோடவே இணைச்சிருக்கணும், இல்லைன்னா கோர்ட் அந்தப் பாயிண்ட்டையே எடுத்துக்காதுன்னு. இப்படி மனுவோட இணைக்கிற ஆவணத் தொகுப்பைத்தான் டைப்டு செட்னு நாங்க சொல்றோம். வெறும் "அரசு அநியாயம் பண்ணுது"ன்னு பத்துப் பக்கம் உருக்கமா எழுதி, பின்னாடி கரண்ட் பில் ரெண்டு வச்சிருந்தா ஜட்ஜ் கேக்குற முதல் கேள்வியே "டைட்டில் டாக்குமெண்ட் எங்க"ங்கிறதுதான். நிலம் யாரோடதுங்கிற சண்டையே மையமா இருந்தா, "இது விசாரணை பண்ணி முடிவு பண்ண வேண்டிய விஷயம், சிவில் கோர்ட்டுக்குப் போங்க"ன்னு ரிட்டை முடிச்சிடுவாங்க.

அதுக்காக ரிட் வீண்னு அர்த்தம் இல்லை. நடைமுறைத் தப்புக்கு அது நல்ல ஆயுதம். நோட்டீஸே கொடுக்காம ஜேசிபி கொண்டு வந்தாங்க, பதில் கொடுத்தும் அதைப் பாக்காம உத்தரவு போட்டாங்க, அதிகாரமே இல்லாத அதிகாரி கையெழுத்துப் போட்டிருக்கார், இந்த மாதிரி. தும்மல கிருஷ்ணா ராவ் வழக்குல (1982, ஹைதராபாத்ல உஸ்மானியா யுனிவர்சிட்டி நிலம் சம்பந்தப்பட்டது) சுப்ரீம் கோர்ட் சொன்னது இன்னைக்கும் நமக்கு உதவுற தீர்ப்பு: நிலத்துல நியாயமான உரிமைத் தகராறு இருந்தா, அதுவும் அனுபவம் ரொம்ப நாளா இருந்தா, 1905-ஆம் வருஷத்து நில ஆக்கிரமிப்புச் சட்டத்தை வச்சு சுருக்கு வழியில வெளியேத்த முடியாது, அரசுதான் சிவில் கோர்ட்டுக்குப் போய் உரிமையை நிலைநாட்டணும். நம்ம ஊர்லயும் அதே 1905 சட்டம்தான். அப்ப கவர்மெண்ட்தானே நிரூபிக்கணும்னு நீங்க கேப்பீங்க, ஆனா அந்த "நியாயமான தகராறு"ங்கிறதைக் காட்டுறதுக்கே பேப்பர் வேணும், வாய் வார்த்தை தகராறு ஆகாது. அந்த வழக்குல எவ்வளவு பேப்பர் இருந்தா நியாயமான தகராறு ஆகும்ங்கிறதுக்கு ஒரு கோடு போட்டுக் கொடுக்கல, பெஞ்சுக்குப் பெஞ்ச் மாறுது, இந்த இடத்துல யாரும் உங்களுக்கு உத்தரவாதம் தர முடியாது.

இன்னொண்ணு, "மனுதாரரோட மனுவை இத்தனை வாரத்துக்குள்ள தகுதி அடிப்படையில சட்டப்படி பரிசீலிக்கணும்"னு ஒரு ஆர்டர் அடிக்கடி வரும். வாங்கிட்டு வந்து ஊர்ல ஸ்வீட் கொடுக்கிறாங்க. அந்த ஆர்டர்ல உங்க உரிமையைப் பத்தி ஒரு வார்த்தை இருக்காது. அதே தாசில்தார் பரிசீலிச்சு "நிராகரிக்கப்படுகிறது"ன்னு எழுதிட்டாலும் அந்த ஆர்டர் நிறைவேறினதாத்தான் அர்த்தம். பரிசீலனைக்குப் போறப்ப கையில என்ன ஆவணம் இருக்குங்கிறதுதான் முக்கியம்.

இப்ப உங்க கையில இருக்கிறதைப் பாப்போம். வீட்டு வரி ரசீது, கரண்ட் கார்டு, ரேஷன் கார்டு, ஓட்டர் ஐடி, இதெல்லாம் அந்த இடத்துல இருந்தீங்கன்னு காட்டும், உரிமையைக் காட்டாது. பஞ்சாயத்து யார் வரி கட்டினாலும் வாங்கிக்கும், ஈபி ஆபீஸும் புறம்போக்குல இருக்கிற வீட்டுக்குக் கனெக்‌ஷன் கொடுத்திருக்கு. ஆனா தூக்கிப் போட்டுடாதீங்க, தேதி வரிசையா அடுக்கினா அனுபவம் எந்த வருஷத்துல இருந்துன்னு காட்ட இதுதான் உதவும். இதுல ஒரு ஆபத்தான பேப்பர் இருக்கு, பி மெமோ. ஒரு பெரியவர் பழைய ரசீதுக் கட்டு ஒண்ணு கொண்டு வந்தார், ஓரமெல்லாம் அரிச்சு, நூல் போட்டுக் கட்டி, "எங்கப்பா வருஷா வருஷம் சர்க்காருக்குக் கட்டின வரிங்க, ஒண்ணு விடாம வச்சிருக்கேன்"னார். பிரிச்சுப் பாத்தா பாதிக்கு மேல பி மெமோவுக்குக் கட்டின அபராதம். பி மெமோன்னா அரசு நிலத்தை ஆக்கிரமிச்சதுக்குப் போடுறது, அதைக் கட்டினதுன்னா "ஆமா, சர்க்கார் நிலத்துலதான் இருக்கேன்"னு வருஷா வருஷம் ஒத்துக்கிட்டதா அரசு வக்கீல் காட்டுவார். அவர் கிரய உரிமை கேட்டு வழக்குப் போட வந்தவர், அந்தக் கட்டைப் பாத்தப்புறம் கேஸையே வேற மாதிரி யோசிக்க வேண்டியதாச்சு. அதே மாதிரி 2சி பட்டாவைக் கொண்டு வந்து "பட்டா இருக்கு சார்"ம்பாங்க, அது மரப்பட்டா, புறம்போக்குல நிக்கிற மரத்தோட பலனை எடுத்துக்கிற உரிமை மட்டும்தான், மண்ணு உங்களோடது ஆகாது.

பட்டா இருந்தா கூட அதுவே உரிமை ஆவணம் இல்லைன்னு சுப்ரீம் கோர்ட் திரும்பத் திரும்ப சொல்லியிருக்கு, வருவாய்த்துறை பதிவு தீர்வை (நிலவரி) வசூலுக்காக வச்சிருக்கிறது, அது உரிமையைக் கொடுக்கவும் கொடுக்காது பறிக்கவும் பறிக்காது. இந்த வாதத்துக்கு இன்னொரு பக்கமும் இருக்கு, அதைத்தான் நம்ம ஆளுங்க மறந்துடுறாங்க: கணக்குல "புறம்போக்கு"ன்னு எழுதியிருக்கிறதாலேயே அது அரசு நிலம்னு முடிஞ்சு போயிடாது, அந்தப் பதிவு எப்படி வந்துச்சுன்னு கேள்வி கேக்கலாம். கேக்கணும்னா பழைய ரெக்கார்டு வேணும். அதே சமயம் ஜமீன் ஒழிப்பு (1948), இனாம் ஒழிப்பு (1963) சட்டங்கள்ல செட்டில்மெண்ட் தாசில்தார் விசாரிச்சுக் கொடுத்த ரயத்துவாரி பட்டா (அரசுக்கு நேரா தீர்வை கட்டுற நிலக்காரருக்குக் கொடுக்கிறது) உங்க முன்னோர் பேர்ல இருந்தா அது சாதாரணப் பட்டா இல்லை, அதுக்கு நல்ல வெயிட் உண்டு, அந்த உத்தரவு நகலைத் தேடி எடுங்க.

இதுல மிக அதிகமா கேஸ் வர்ற இடம் யுடிஆர், 1980-கள்ல நடந்த நில உடைமை மேம்பாட்டுத் திட்டம். அப்ப சர்வே நம்பர் மாறுச்சு, ஏக்கர் சென்ட் எல்லாம் ஹெக்டேர் ஏர் ஆச்சு, ஊர்ல இல்லாதவங்க நிலம் எல்லாம் அனாதீனம்னும் (ஓனர் தெரியாத நிலம்) புறம்போக்குன்னும் விழுந்துச்சு. ஒரு உதாரணம் சொல்றேன், பத்திரத்துல 1 ஏக்கர் 20 சென்ட் இருக்கு, ஹெக்டேர்ல அது சுமார் 0.48.5. யுடிஆர் பட்டாவுல 0.32.5 மட்டும் உங்க பேர்ல இருக்குன்னு வைங்க, மீதி 0.16, அதாவது ஏறக்குறைய 40 சென்ட், பக்கத்துலயே தனி உட்பிரிவா புறம்போக்குன்னு நிக்கும். அந்த 40 சென்ட்டுக்குத்தான் இப்ப நோட்டீஸ் வந்திருக்கும். இதைக் காட்டணும்னா யுடிஆருக்கு முந்தின அ பதிவேடு (சர்வே நம்பர் வாரியா நிலவகை, தீர்வை, பேர் எழுதியிருக்கிற கிராமக் கணக்கு), யுடிஆர் அ பதிவேடு, பழைய நம்பர் புது நம்பர் ஒப்பீட்டுப் பட்டியல், ரெண்டு காலத்து புலப்படம் (எஃப்எம்பி), இதெல்லாத்தையும் பக்கத்துல பக்கத்துல வைக்கணும். அ பதிவேட்டை எடுத்ததும் எல்லாரும் பேரைத்தான் தேடுவாங்க. நீங்க பழைய சர்வே நம்பர் கலம், ரயத்துவாரியா சர்க்காரான்னு "ர" "ச" போட்டிருக்கிற கலம், தீர்வை கலம், கடைசியில குறிப்பு கலம், இந்த நாலையும் பாருங்க. பழைய பதிவேட்டுல "ர"ன்னு இருந்து தீர்வையும் போட்டிருந்து, புதுசுல எந்த உத்தரவு நம்பரும் குறிப்பிடாம "ச"ன்னு மாறியிருந்தா, உங்க கேஸோட உயிர் அந்த வரியிலதான் இருக்கு. இந்த மாதிரி தெளிவான யுடிஆர் தப்புன்னா கோர்ட்டுக்கு முன்னாடி வருவாய்த்துறையிலேயே யுடிஆர் திருத்த மனு போடுறது நல்லது.

எங்க கிடைக்கும்னா, இப்போதைய அ பதிவேடும் பட்டாவும் புலப்படமும் ஆன்லைன்லயே எடுக்கலாம், பழசுக்குத் தாலுகா ஆபீஸ் ரெக்கார்டு ரூம், கலெக்டர் ஆபீஸ், செட்டில்மெண்ட் காலத்துப் பதிவேடுகளுக்கு எழும்பூர் ஆவணக் காப்பகம், பழைய சர்வே ரெக்கார்டுக்கு சேப்பாக்கம் நில அளவை அலுவலகம். நேர்ல கேட்டா "இல்லை"ம்பாங்க, ஆர்டிஐல எழுதிக் கேளுங்க, 30 நாள்ல பதில் வந்தாகணும், "சான்றளிக்கப்பட்ட நகல்"னு தெளிவா எழுதுங்க. "ஆவணம் இல்லை"ன்னு எழுத்துல வந்த பதிலும் பத்திரப்படுத்த வேண்டிய பேப்பர்தான், அதை மட்டும் வச்சு ஜெயிக்க முடியாது, ஆனா நீங்க தேடினதுக்கு அது சாட்சி. வில்லங்கச் சான்று ஆன்லைன்ல பெரும்பாலும் 1975-ல இருந்துதான் வரும், அதுக்கு முன்னாடி வேணும்னா சார்பதிவாளர் ஆபீஸ்ல மேனுவலா போடணும், போடுங்க, செலவைப் பாக்காதீங்க. மூலப் பத்திரம் தொலைஞ்சிருந்தா பதிவு ஆபீஸ்ல சர்டிஃபைடு காப்பி கிடைக்கும், பத்திரத்துல என்ன எழுதியிருக்குங்கிறதை நிரூபிக்க அது செல்லும். 30 வருஷத்துக்கு மேற்பட்ட ஆவணத்துக்கு சட்டத்துல ஒரு சலுகை இருக்கு, கையெழுத்தைத் தனியா நிரூபிக்க வேண்டியதில்லை, ஆனா அது ஒரிஜினலுக்குத்தான், ஜெராக்ஸுக்கு இல்லை, ஒரிஜினலும் இருக்க வேண்டிய ஆள் கையில இருந்து வந்திருக்கணும். அதனால ஒரிஜினலை யார்கிட்டயும் கொடுத்து வைக்காதீங்க, உங்க வக்கீல்கிட்ட கூட கோர்ட்ல தாக்கல் பண்ற அன்னைக்குக் கொடுத்தா போதும்.

நிலத்தோட வகையையும் பாத்தாகணும். கிராம நத்தம்னா (ஊர்ல குடியிருப்புக்குன்னு இருக்கிற இடம்) உங்களுக்கு நல்ல சான்ஸ் இருக்கு, நத்தம் அரசுக்குச் சொந்தமில்லை, வீடு கட்டிக் குடியிருக்கிறவங்களுக்குத்தான் உரிமைன்னு நம்ம ஹைகோர்ட் பல தடவை சொல்லியிருக்கு, இங்க மட்டும் நீங்க வச்சிருக்கிற வரி ரசீதும் கரண்ட் கார்டும் நிஜமாவே பலமான ஆவணம். ஏரி, குளம், ஓடை, வாய்க்கால்னு இருந்தா நேராவே சொல்றேன், கஷ்டம். 2007-ல இருந்து ஏரி பாதுகாப்புக்குத் தனிச் சட்டம் இருக்கு, ஜக்பால் சிங் தீர்ப்புக்கு (2011) அப்புறம் ஊர்ப் பொது நிலத்துல எத்தனை வருஷம் இருந்தாலும் கோர்ட் இரக்கம் காட்டுறது அபூர்வம். நீர்நிலைன்னு தப்பா வகைப்படுத்திட்டாங்கன்னு பழைய ரெக்கார்டு காட்டினா மட்டும்தான் வழி. தீர்வை ஏற்பட்ட தரிசு மாதிரி ஆட்சேபணை இல்லாத புறம்போக்குன்னா ஒப்படை (அரசு நிலத்தை உங்க பேருக்கு ஒதுக்கித் தர்றது) கேட்டு மனு போடலாம்னு ஊர்ல சொல்லுவாங்க, அது உண்மைதான், ஆனா ஒப்படை கேக்கிற மனுவே நிலம் அரசோடதுன்னு நீங்க எழுதிக் கொடுக்கிற ஒப்புதல். உரிமை கேட்டு வழக்கும் போட்டு, ஒப்படை கேட்டு மனுவும் கொடுத்தா அந்த மனு உங்க வழக்குல அரசோட முதல் ஆவணமா வந்து நிக்கும்.

சிவில் கோர்ட்டுக்குப் போறதா இருந்தா வெறும் தடையுத்தரவு கேட்டுப் போகாதீங்க, உரிமையே சந்தேகத்துல இருக்கிறப்ப விளம்புகைப் பரிகாரமும் (நிலம் உங்களோடதுன்னு கோர்ட் அறிவிக்கிறது) சேத்துக் கேக்கணும்னு அனத்துல சுதாகர் வழக்குல (2008) சொல்லியிருக்காங்க. அரசு மேல வழக்குன்னா சிவில் நடைமுறைச் சட்டம் 80-ன்படி ரெண்டு மாச நோட்டீஸ் கலெக்டருக்கோ அரசுச் செயலாளருக்கோ கொடுத்திருக்கணும், ஜேசிபி வாசல்ல நிக்குதுன்னா 80(2)-ல கோர்ட் அனுமதி வாங்கி உடனே போடலாம். எல்லைதான் பிரச்சனைன்னா வக்கீல் கமிஷனரை சர்வேயரோட போட்டு அளக்கச் சொல்லி மனு கொடுங்க, ஆனா கமிஷனர் அளந்து சொல்றது எல்லையைத்தான், உங்களுக்குப் பதிலா அவர் ஆதாரம் திரட்டித் தரமாட்டார். பாதகமான பேப்பர் இருந்தா, முன்னாடி ஒரு கேஸ் போட்டுத் தோத்திருந்தா, பி மெமோ வந்திருந்தா, அதை மறைக்காதீங்க. செங்கல்வராய நாயுடு வழக்குல (1994) தனக்கு எதிரான ஆவணத்தை மறைச்சு வாங்கின டிக்ரியையே மோசடின்னு சுப்ரீம் கோர்ட் தூக்கிப் போட்டுச்சு. அரசு ஃபைல்ல அந்தப் பேப்பர் இருக்கும், கவுண்டர்ல (அரசோட பதில் மனுவுல) வரும், நீங்களே முதல்ல சொல்லி விளக்கம் கொடுத்திருந்தா கோர்ட் கேக்கும்.

இப்ப உடனே பண்ண வேண்டியது, நோட்டீஸ்ல எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, எந்த சர்வே நம்பர், எவ்வளவு பரப்பு, பதில் கொடுக்க எத்தனை நாள்னு பாருங்க. 1905 சட்டம் 7-வது பிரிவுன்னா அது காரணம் கேக்கிற நோட்டீஸ், 6-வது பிரிவுன்னா வெளியேத்துற நோட்டீஸ், அவசரம் வேற. கெடுவுக்குள்ள எழுத்துல பதில் கொடுங்க, இருக்கிற ஆவணத்தோட நகல் எல்லாம் பட்டியல் போட்டு இணைங்க, தாசில்தார் ஆபீஸ்ல இன்னும் என்னென்ன ரெக்கார்டு இருக்கு, அதோட நகல் வேணும், நேர்ல விசாரணை வேணும்னும் அதுலயே எழுதுங்க. தபால்ல ஒப்புகை அட்டையோட ஒண்ணு, நேர்ல சீல் வாங்கி ஒண்ணு. நாளைக்கு ரிட்டோ சிவில் வழக்கோ எது போட்டாலும் டைப்டு செட்ல முதல் பேப்பர் இந்த நோட்டீஸ், ரெண்டாவது பேப்பர் இந்தப் பதில். பேரையும் ஊரையும் மறைச்சிட்டு நோட்டீஸ்ல இருக்கிற பிரிவையும், அ பதிவேட்டுல அந்த நம்பருக்கு எதிர்ல நிலவகைன்னு என்ன எழுதியிருக்குங்கிறதையும் இங்க போட்டீங்கன்னா, உங்களுக்கு ரிட்டா சிவிலா யுடிஆர் மனுவான்னு இதை விடத் தெளிவா சொல்லிடுவேன்.